கண்மாய் வழியாகக் கேதத்துக்குப் போனவன்

எங்கள் பக்கத்தில் சாவு வீட்டுக்கு யாரும் வழி கேட்டுப் போவதில்லை. பஸ் ஸ்டாப்பிலிருந்தே ஃப்ளெக்ஸ் பேனர் ஆரம்பித்துவிடும். இறந்தவர் கூலிங் கிளாஸ் போட்டுக்கொண்டு நம்மைக் கும்பிட்டபடி நிற்பார். அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டே நடந்தால் வீடு வந்துவிடும். இந்த ஏற்பாட்டில் வீடு தப்ப வேண்டுமானால் ரோட்டை விட்டு இறங்கினால்தான் உண்டு. நான் இறங்கினேன்.

அப்போது எனக்கு ஜீப் பைத்தியம். (இப்போது தெளிந்துவிட்டது. ஜீப்பில் கோழி அடைகிறது.) பழைய டீசல் ஜீப் ஒன்றை வாங்கி, நாலு சக்கரமும் இழுக்கிற மாதிரி வேலை பார்த்து, சேற்றில் சிக்கிய வண்டியை இழுக்க முன்னால் கம்பி வடத்தோடு வின்ச் ஒன்றும் மாட்டியிருந்தேன். ஞாயிற்றுக்கிழமையானால், என்னைப் போலவே வீட்டில் மதிப்பில்லாத சிலரோடு தைலமரக் காட்டுக்குள் போய்விடுவேன். செம்மண் தடத்தில் வண்டியை உருட்டுவோம், வண்டி போகாத இடத்தில் இறங்கி நடப்போம், பாறை கண்ட இடத்தில் உட்கார்ந்து புளிச்சோறு தின்போம். இதற்கு நாங்கள் வைத்திருந்த பெயர் ‘ட்ரெயில்’. என் மனைவி தேன்மொழி வைத்திருந்த பெயரை அச்சில் போட முடியாது.

அந்த ஞாயிற்றுக்கிழமை என் மாமனார் ஆஸ்பத்திரியில் இருந்தார். “அப்பாவுக்கு முடியல, இன்னக்கி ஒரு நா போகாம இருங்க” என்றாள் தேன்மொழி. “டாக்டரே தேறிட்டாருன்னு சொல்லிட்டாரு” என்று சொல்லிவிட்டு வண்டியை எடுத்தேன். காட்டுக்குள் அடுப்பு மூட்டி டீ கொதிக்கும்போது மச்சினனிடமிருந்து போன் வந்தது.

“மச்சான், அப்பா போயிட்டாருங்க. நம்ம ஊருக்குத்தான் கொண்டு போறோம். நீங்க மாலையும் கோடியும் எடுத்துக்கிட்டு நேரா அங்க வந்துருங்க. மழை வர்ற மாதிரி இருக்கு, வெள்ளன எடுக்கணும்.”

மூத்த மாப்பிள்ளை நான். என் கோடி வேட்டியைப் போர்த்தித்தான் மாமாவை எடுக்க வேண்டும். ஆலங்குடியில் மாலையும் வேட்டியும் வாங்கினேன். அங்கிருந்து ஒழுங்காகத் தார் ரோட்டில் போயிருக்கலாம். ஆனால் அது சுற்று. தைலமரக் காட்டைக் கடந்து கண்மாய்க்குள் இறங்கினால் பாதித் தூரம்தான், ஜீப் வைத்திருப்பதே இதற்குத்தானே என்று தோன்றியது. மாமா பிழைப்புக்காக ஆலங்குடிக்கு வந்துவிட்டவர். அவருடைய சொந்த ஊருக்கு நான் ஒரே ஒரு தடவை, கல்யாணமான புதிதில், குலசாமி கும்பிடப் போயிருக்கிறேன். அதுவும் இருட்டில். அந்தக் கண்மாயைச் சுற்றி ஓர் ஊர் அல்ல, இரண்டு ஊர் இருக்கிறது என்பது எனக்குத் தெரியாது.

கண்மாய்க் கரை ஏறியதும் கொட்டுச் சத்தம் கேட்டது. அதைப் பிடித்துக்கொண்டே போய், கொல்லைப்புறமாக ஊருக்குள் நுழைந்து, பந்தல் காலை இடிக்காத குறையாக ஜீப்பை நிறுத்தினேன். ஐஸ் பெட்டி, ஒப்பாரி, பிளாஸ்டிக் நாற்காலிகள், எல்லாம் இருந்தது. உசிரோடு இருக்கும்போது பக்கத்தில் இல்லாமல் போனோமே என்ற குற்ற உணர்ச்சியோடு நேரே பெட்டியிடம் போனேன். மாலையைப் போட்டேன். வேட்டியைப் போர்த்தினேன். பெட்டியைக் கட்டிக்கொண்டு, “மாமா, என்னய மன்னிச்சிருங்க மாமா” என்று கத்தி அழுதேன்.

“யாரு பெத்த புள்ளையோ, என்னமா அழுகுது பாரு!” என்று ஒரு பெரியம்மா வியந்தார். மாப்பிள்ளைக்குக் கிடைத்த பாராட்டு என்று எடுத்துக்கொண்டு இன்னும் கொஞ்சம் அழுதேன்.

முகத்தைப் பார்க்கவில்லையா என்று கேட்பீர்கள். பார்த்தேன். பெட்டிக் கண்ணாடியில் பனி பூத்திருந்தது. தாடையைச் சுற்றிக் கட்டு, மூக்கில் பஞ்சு, கழுத்து வரைக்கும் மாலை. ஆள் பாதியாக இருந்தார், மீசையும் இல்லை. ஆஸ்பத்திரி ஒரு மனுஷனை என்ன பாடு படுத்திவிடுகிறது என்று நினைத்தேன். (புதுக்கோட்டையில் நான் நடத்துவது மூக்குக் கண்ணாடிக் கடை. கடைக்கு வருகிறவர்களிடம் இந்தச் சம்பவத்தைச் சொல்வதில்லை.)

அப்போது தேன்மொழி கூப்பிட்டாள். அழுது அழுது குரலே இல்லை.

“எங்க இருக்கீங்க?”

“கேத வீட்டுலதான். பந்தல்ல.”

“நானும் பந்தல்லதான் இருக்கேன். எங்கிட்டு நிக்கிறீங்க?”

“அப்பா தலமாட்டுல.”

“அப்பா தலமாட்டுல நாந்தாங்க உக்காந்திருக்கேன்.”

நிமிர்ந்து பார்த்தேன். தலைமாட்டில் ஒரு பெண் உட்கார்ந்திருந்தாள். தேன்மொழி இல்லை.

அந்த நொடியே ஓடியிருக்க வேண்டும். போனைச் சட்டைப் பையில் போடுவதற்குள் அந்தப் பெண் எழுந்து வந்து என் கையைப் பிடித்துக்கொண்டாள். இறந்தவருடைய மகள். “துபாய்ல எங்க அண்ணங்கூட வேல பாத்தவுகளாண்ணே? அண்ணனுக்கு லீவு கெடைக்கல. நீங்களாச்சும் வந்தீங்களே” என்றாள். அவள் இன்னொரு கையில் இருந்த போனில் அந்த அண்ணன் வீடியோவில் அழுதுகொண்டிருந்தான். என்னைப் பார்த்துக் கும்பிட்டான். நான் ஆமாம் என்று சொல்லவில்லை. இல்லை என்று சொல்லவும் வாய் வரவில்லை. ‘மன்னிக்கணும், சாவு மாறி வந்துட்டேன்’ என்று எந்த மனிதனால் சொல்ல முடியும்? போர்த்திய கோடியை எப்படித் திரும்ப உருவுவது?

தலையை மட்டும் ஆட்டிவிட்டு மெல்ல நழுவப் பார்த்தேன். அதற்குள் ஒருவர் ஓடிவந்து, சுடுகாட்டுப் பாதையில் அமரர் ஊர்தி சேற்றில் புதைந்துவிட்டது என்றார். பந்தலே திரும்பி என் ஜீப்பைப் பார்த்தது.

“ஒங்க வண்டிதாண்ணே இழுக்கும்” என்றாள் அந்தப் பெண்.

ஒரு இழுப்பு இழுத்துவிட்டு அப்படியே கிளம்பிவிடலாம் என்று கணக்குப் போட்டேன். வடத்தை மாட்டி இழுத்தேன். ஊர்தி ஒரு சாண் நகர்ந்தது. என் ஜீப் அச்சு வரைக்கும் இறங்கியது. ஞாயிறுதோறும் நான் மெனக்கெட்டுத் தேடிப் போகிற சேறு, அன்றைக்குத் தேடாமலே கிடைத்தது. கடைசியில் பெரியவரைத் தோளில் தூக்கிக்கொண்டு எங்களைக் கடந்து போனார்கள். மாமாவுக்கு வாங்கிய வேட்டி என் கண் முன்னால் போனது.

செருப்பு சேற்றோடு போய்விட்டது. வெறுங்காலோடு கண்மாய்க் கரையில் ஓடினேன். மழை பிடித்துக்கொண்டது. கருவ முள் ஏறிய காலை இழுத்துக்கொண்டு அக்கரை ஊருக்குப் போய்ச் சேர்ந்தபோது நாற்காலிகளை அடுக்கிக்கொண்டிருந்தார்கள். வாசலில் தண்ணீர் ஓடியது. அது மழைத் தண்ணீர் இல்லை. வீட்டைக் கழுவிவிட்டிருந்தார்கள். எடுத்துவிட்டார்கள் என்பது யாரும் சொல்லாமலே புரிந்தது.

அத்தை சுவரோரம் உட்கார்ந்திருந்தார். என் காலைப் பார்த்தார், கையைப் பார்த்தார்.

“கோடி எங்க மாப்ள?”

சொன்னேன். தேன்மொழி எழுந்து உள்ளே போய்விட்டாள். மழைக்குப் பயந்து, கடைசியில் மச்சினன் தன் தோளில் கிடந்த துண்டையே போர்த்தி அனுப்பியிருக்கிறான். சுடுகாட்டுக் கொட்டகைக்கு நான் போனபோது தீ நன்றாகப் பிடித்துவிட்டிருந்தது. மாமா நல்ல மனிதர். அந்த வீட்டில் என் ஜீப்பைப் பார்த்துச் சிரிக்காதவர் அவர் ஒருத்தர்தான். அவர் முகத்தைக் கடைசியாக ஒரு தடவை பார்க்கவில்லை என்பது இன்றைக்கும் எனக்கு ஆறவில்லை. இந்த இடத்தில் சிரிக்க ஒன்றுமில்லை.

மறுநாள் அந்தப் பெண்ணின் வீட்டார் டிராக்டர் வைத்து ஜீப்பை இழுத்து, விசாரித்துக் கொண்டுவந்து விட்டார்கள். அப்போதுதான் அவர்களுக்கும் விஷயம் முழுதாகத் தெரிந்தது. அந்தப் பெண் அத்தையின் கையைப் பிடித்துக்கொண்டு, நான் அழுத விதத்தை ஒன்றுவிடாமல் சொல்லிவிட்டுப் போனாள்.

கருமாதி வரைக்கும் தேன்மொழி என்னிடம் பேசவில்லை. அன்றைக்குப் படையல் போடும்போது அத்தை, “எலை ரெண்டாப் போடுங்கடி” என்றார்.

“எதுக்கும்மா ரெண்டு?” என்றாள் தேன்மொழி.

“ஒண்ணு ஒங்கப்பாவுக்கு. இன்னொண்ணு மாப்ள அழுதவருக்கு. நம்ம வீட்டுக் கோடியோட போனவர வாசல்ல நிப்பாட்ட முடியுமா?”

தேன்மொழிதான் முதலில் சிரித்தாள். சிரிப்பு பாதியிலேயே அழுகையாக மாறி, அப்படியே என் தோளில் சாய்ந்துகொண்டாள். அதற்குப் பிறகு ஒவ்வோர் ஆடி அமாவாசைக்கும் எங்கள் வீட்டில் இரண்டு இலைதான். என் பிள்ளைகள் அவரை ‘அழுத தாத்தா’ என்கிறார்கள்.

இந்த வருஷம் படையலுக்குப் பரிமாறியது நான். மாமாவின் இலையில் வடையை வைத்துவிட்டுப் பாத்திரத்தை மூடப் போனேன். அத்தை நாற்காலியில் இருந்தபடியே குரல் கொடுத்தார்.

“அங்கிட்டும் வைங்க மாப்ள. அவருக்கு அழுத அழுகைய ஒங்க மாமாவுக்கு அழுதிருந்தா, மனுசன் எந்திருச்சுல்ல உக்காந்திருப்பாரு.”