சந்தனம் பூசிய துவக்கும் சகலர் இருவர் சமரும்

வாழிய பத்மநாதன். ரொறன்ரோ மோர்னிங்சைட் மேட்டில் முகில் உரசும் அடுக்குமாடியில், மின்தூக்கி பழுதாகும் நாளில் மட்டுமே தன் உயரத்தை உணரும் உயர்குடி வேந்தன் வாழிய. பனிக்காலம் பலவற்றை வாகன உதிரிப்பாகத் தொழிற்சாலையின் இரும்பு அழுத்தியின் முன் நின்றே கழித்து, இளைப்பாறிய மறுவாரமே "சும்மா இருந்தால் மனிசன் துருப்பிடிச்சுப் போவான்" என்று முழங்கி, மார்க்கம் என்னும் அயல்நகரின் பழங்காலக் குடியிருப்பு அருங்காட்சியகத்தில் சம்பளமில்லாச் சேவகனாய்ப் புகுந்து, பித்தளைப் பொத்தான் பூண்ட பழங்காலச் சிப்பாய்ச் செஞ்சட்டைக்குள் தன் வயிற்றை மூச்சடக்கிச் சிறைவைத்து, பாட்டனின் பாட்டன் காலத்துத் துவக்கைத் தோளேற்றிய தொந்தித்தோன்றல் வாழிய. அவன் புகழ் பாடப் புகுந்த நமக்கு நாமகள் துணைநிற்க. அன்று விஜயதசமியாதலால் அவளுக்கு வேலை அதிகம் என்று தெரிந்துதான் கேட்கிறோம்.

காவியம் என்றால் பகைவன் வேண்டும். நம் வீரனுக்கு அவனைத் தேடி அலைய வேண்டியிருக்கவில்லை. கல்யாணத்தோடு வந்து சேர்ந்தவன் அவன். பத்மநாதனின் மனையாள் பாலேஸ்வரியின் தமக்கையை மணந்த இராசரத்தினம், சகலன் என்னும் சொல்லின் சகல பொருளும் திரண்டு கோட்டுப் போட்டு வந்ததுபோன்ற ஆடவன். கனடாவுக்கு முதலில் வந்தவன் அவன். முதலில் வீடு வாங்கியவன், அதுவும் மார்க்கத்தில், இரண்டு கார் நிற்கும் கொட்டிலோடு. பிள்ளைக்கு முதலில் சம்பந்தம் பேசியவன். எந்தப் பிறந்தநாள் விழாவுக்குப் போனாலும் "இராசண்ணையைப் பாருங்கோ" என்ற வாக்கியம் வடையோடு சேர்த்துப் பரிமாறப்பட்டது. இந்த அருங்காட்சியகத்திற்கும் ஒரு மாதம் முந்தி வந்து, நல்ல சட்டையை எடுத்துக்கொண்டவன் அவனே.

ஆதலால் பத்மநாதனின் நெஞ்சில் ஒரு வேட்கை கனன்றது. பொன்னும் பொருளும் அவன் கேட்கவில்லை. ஒரே ஒரு விடயத்தில், ஒரே ஒரு முறை, சகலனுக்கு முன்னால் நிற்க வேண்டும். அதற்குப் பிறகு எமன் வந்தாலும் தேத்தண்ணி கொடுத்து அனுப்பலாம் என்பது அவன் எண்ணம்.

வாய்ப்பும் வந்தது. திருவிழா நாட்களில் நண்பகல் மணி ஓய்ந்ததும் குண்டில்லாமல் வெடிமருந்து மட்டும் இட்டு வெற்றுவெளியை நோக்கித் துவக்கு வெடிப்பது அருங்காட்சியகத்து மரபு. இதுவரை இரண்டு துவக்குகள் வெடித்தன. ஒன்று இராசரத்தினத்தின் கையிலிருந்த சக்கிமுக்கித் துவக்கு. மற்றது பத்மநாதனின் தட்டுத் துவக்கு. வரும் ஆண்டு முதல் ஒன்றுக்கு மேல் ஆகாது என்று காப்புறுதிக் கொம்பனி கண்டிப்பாய்ச் சொல்லிவிட, ரொறன்ரோவில் பிறந்து வளர்ந்த விழாப் பொறுப்பாளர் அட்சயா சபை நடுவே பிரகடனம் செய்தாள்.

"மணி அடிச்சு முடிய ஆர்ர கன் முதல் வெடிக்குதோ, அவைதான் நெக்ஸ்ட் இயர். மற்ற அங்கிள் பட்டர் கடையிற குடிலுக்குப் போகோணும். ஓகேயா?"

வெண்ணெய் கடையும் குடில். அங்கே ஆண்களும் வெள்ளைத் தொப்பி அணிய வேண்டும். அந்தத் தொப்பியோடு சகலனின் முன்னால் நிற்பதை நினைத்தபோது பத்மநாதனுக்குக் கண் கலங்கியது.

இனி அவ்விரு துவக்குகளின் குலமுறை கிளத்துவோம். பண்டைநாளில் துவக்குக்குத் தீ வைக்க மனிதர் பட்ட பாடு சொல்லிமாளாது. முதலில் எரியும் திரியை ஏந்தித் திரிந்தனர். பிறகு சக்கிமுக்கிக் கல் வந்தது. விசையை இழுத்தால் கல் எஃகில் மோதும், பொறி பறக்கும், வெளியே திறந்திருக்கும் சிறு கிண்ணியில் இட்ட கருமருந்து குப்பென்று பற்றும், அந்தத் தீ பக்கத் துளைவழி உள்ளே நுழைந்து பெருமருந்தைப் பற்றவைக்கும். அதாவது நினைத்தால் பற்றும். காற்றடித்தால் மருந்து பறக்கும், தூறினால் நனையும். சில வேளை கிண்ணி மட்டும் எரிந்து, துவக்கு பேசாமல் இருக்கும்.

ஸ்கொட்லாந்துப் பாதிரியார் ஒருவருக்குப் பறவை வேட்டையில் மோகம். கிண்ணியின் பளிச்சைக் கண்டதுமே பறவைகள் பறந்து தப்பின. ஊருக்கெல்லாம் பொறுமையைப் போதித்த அவரால் இதைமட்டும் பொறுக்க முடியவில்லை. அடித்தாலே வெடிக்கும் இரசாயன உப்பு ஒன்றைத் துவக்கில் வைத்துச் சுத்தியலால் தட்டினார். பொறியும் வேண்டாம், கிண்ணியும் வேண்டாம், ஒரு தட்டுப் போதும். அவர் வழிவந்தோர் அவ்வுப்பைக் கடுகளவு எடுத்துச் சின்னஞ்சிறு செப்புத் தொப்பிக்குள் அடைத்தனர். துவக்கின் பின்புறத்தில் துளையிட்ட சிறு கூம்பு ஒன்று நிற்கும். அதன் தலையில் தொப்பியை மாட்டி, விசையை இழுத்தால், சுத்தியல் விழும், தொப்பி வெடிக்கும், தீ கூம்பின் துளைவழி உள்ளிறங்கி மருந்தைத் தொடும். மழையானாலும் தொப்பி நனையாது. உலகத்துப் படைகளெல்லாம் இதற்கு மாறின. பறவைகளின் கருத்தை எவரும் கேட்கவில்லை.

போட்டி நாளான விஜயதசமிக் காலையில் ரொறன்ரோ வானம் தூறியது. அதைக் கண்ட பத்மநாதன் பூரித்தான். சகலனின் கிண்ணி நனையும், தன் தொப்பி நனையாது, விஞ்ஞானமே தன் கட்சி. அத்தோடு விட்டிருக்கலாம். ஆனால் தொழிற்சாலையில் ஆண்டுதோறும் இரும்பு அழுத்திக்குப் பொட்டு வைத்து விரலைக் காப்பாற்றிய கை அது. ஆயுதத்தின் திருநாளில் ஆயுதத்தை வெறும் நெற்றியோடு களம் அனுப்புவதா?

பாலேஸ்வரி அரைத்துத் தயிர்ப் பெட்டியில் இட்டுக் கொடுத்த சந்தனத்தோடு, எவரும் வருமுன் அவன் ஆயுதக் கொட்டிலை அடைந்தான். கருமருந்து இருக்கும் இடத்தில் கற்பூரம் கொளுத்தினால் பூசையோடு பூசகரும் மேலே போக நேரும் என்பது அவனுக்குத் தெரியும். எனவே தன் பழைய காரைக் கொட்டில் வாசலுக்கு நேரே நிறுத்தி, முன்விளக்கு இரண்டையும் ஏற்றி, அவ்வொளி வெள்ளத்தையே தீபாராதனையாய்க் காட்டினான். மரபுக்கும் பாதுகாப்புக்கும் இடையே இப்படியொரு சமாதானத்தை வேறெவர் கண்டிருப்பார்? பிறகு துவக்கைத் தொட்டுக் கும்பிட்டு, அதன் நெற்றியைத் தேடினான். பின்புறத்தில் துருத்திக்கொண்டு நின்ற அந்தக் கூம்பே நெற்றியாகத் தோன்றியது. அதிலே சந்தனத்தை அழுத்தி, நடுவே குங்குமமும் வைத்தான்.

அட்சயா கண்டால் கேள்வி வரும் என்று சற்று நேரத்தில் துணியால் துடைத்துவிட்டான். மேலே இருந்தது போயிற்று. உள்ளே போனது போகவில்லை. மருந்து இடுமுன் வெறுந்தொப்பி ஒன்றை வெடித்துத் துளையைத் துப்புரவாக்குவது விதி. பூசை கண்ட ஆயுதத்தைச் சும்மா தட்டுவது பாவம் என்று அதையும் விட்டான்.

நண்பகல் நெருங்கியது. குடைக்காடு சூழ்ந்தது. களத்தின் மறுகரையில் கனடாத் தேசத்துக் காட்டு வாத்துப் படை, புல்லை மேய்ந்தும் அதே புல்லை அசுத்தம் செய்தும் அணிவகுத்து நின்றது. இராசரத்தினம் தன் துவக்கின் மேல் மனைவியைக் குடை பிடிக்கவைத்து, இடிபோல் மொழிந்தான்.

"தம்பி பத்மநாதன், வெள்ளைத் தொப்பி உமக்கு வடிவாய் இருக்கும்."

மணி ஓய்ந்தது. இரு விசைகளும் இழுபட்டன. இராசரத்தினத்தின் கல் எஃகில் மோதிப் பொறி சிந்த, குடையையும் மீறி ஈரமான கிண்ணி சீறிப் புகைந்து அணைந்தது. அதே கணத்தில் பத்மநாதனின் சுத்தியல் விழுந்து, தொப்பி 'டிக்' என்றது. அவ்வளவுதான். தீ பிறந்தது, வழி கிடைக்கவில்லை. மா இறுகிய புட்டுக்குழலில் ஆவி ஏறாததுபோல, சந்தனம் இறுகிய கூம்பில் தீ இறங்காது நின்றது. வாத்து ஒன்று தலையைத் தூக்கிப் பார்த்துவிட்டு மீண்டும் மேய்ந்தது.

"அங்கிள், அசையாதேங்கோ. மிஸ்ஃபயர், பிந்தி வெடிச்சாலும் வெடிக்கும். அங்காலயே நீட்டிப் பிடிச்சுக்கொண்டு நில்லுங்கோ," என்றாள் அட்சயா.

ஐயோ, காத்திருக்கும் அந்த வேளை. நம் வீரன் வெளியை நோக்கிச் சிலையாய் நிற்க, கடைக்கண்ணால் கண்டதென்ன? சகலன் கிண்ணியைச் சால்வையால் துடைக்கிறான். புதுமருந்து இடுகிறான். சால்வையும் அவனிடம் நல்ல சால்வை. காலம் கழிந்ததும் பத்மநாதன் புதுத்தொப்பி மாட்டி மறுபடி இழுத்தான். மறுபடியும் 'டிக்'. மறுபடியும் நிற்றல். மார்க்கத்து வீடு, கொட்டில், சம்பந்தம் எல்லாம் வரிசையாய் வந்து அவன் முன்னால் வெள்ளைத் தொப்பி அணிந்து ஆடின.

பொறுமையிழந்த அட்சயா மெல்லிய கம்பியூசியைக் கூம்பின் துளையில் விட்டுக் குடைந்து வெளியே எடுத்தாள். ஊசி முனை மஞ்சளாய், நடுவில் சற்றுச் சிவப்பாய், கோயில் வாசனையோடு வந்தது.

"வட் இஸ் திஸ், அங்கிள்?"

 காற்றில் மூக்கை நீட்டிய இராசரத்தினம் விடையிலும் முந்திக்கொண்டான். "உது சந்தனமெல்லே?"

குடைக்காட்டிலிருந்து பாலேஸ்வரியின் குரல் வந்தது. "உங்கட நெத்தியில வைக்கத்தானே தந்து விட்டனான்."

சிரிப்பு களத்தைச் சுற்றி வந்தது. பத்மநாதனுக்கு உச்சந்தலை எரிந்தது. அவமானம் என்பது இவ்வளவு மணக்கும் என்று அவன் அதுவரை அறிந்ததில்லை. ஆயினும் துளை திறந்துவிட்டது. மூன்றாம் தொப்பியை மாட்டினான். அப்போதே குடைநிழலில் இராசரத்தினம் விசையை இழுத்தான். இம்முறை கிண்ணி காய்ந்திருந்தது. பளிச்சென்று பற்றியது. வாத்துகள் அனைத்தும் ஒருசேரத் தலைநிமிர்ந்தன. எல்லாரும் காதைப் பொத்தினார்கள். பளிச்சுக்குப் பின் வரவேண்டிய பேரொலி வரவில்லை. கிண்ணி மட்டும் எரிந்து, துவக்கு பேசாமல் இருந்தது.

பத்மநாதன் இழுத்தான்.

தட்டியது சுத்தியல், வெடித்தது தொப்பி, இறங்கியது தீ, எழுந்தது முழக்கம். அதிர்ந்தது மார்க்கம். பாதிரியாரின் பறவைகளின் வழிவந்தவை போல வாத்துப் படை முழுவதும் தூறலைக் கிழித்து வானேறி ஓடியது. சந்தனம் கமழும் வெண்புகை நடுவே, செஞ்சட்டைப் பொத்தான் ஒன்று தெறித்து விழுந்ததும் அறியாது, மூச்சடக்கம் மறந்த வயிறு முன்செல்ல, நம் வீரன் நின்றான். அட்சயா அவன் கையை உயர்த்தினாள். பாலேஸ்வரி, எல்லாருக்கும் கேட்க, "எங்கட ஆள்தான் முதல்," என்றாள். அந்தச் சொல்லுக்காக அவன் முப்பது வருடம் காத்திருந்தான். இராசரத்தினத்தின் தலையில் வெள்ளைத் தொப்பி ஏற, திசைகள் எட்டும் கேட்கப் பத்மநாதன் அறைகூவினான்.

"இனிமேல் எவரும் எனக்கு முன்னால் இல்லை. எவரின் தயவும் எனக்குத் தேவையில்லை."

வெற்றிவாகை சூடி, துவக்கைக் கொட்டிலில் துயிற்றி, மனையாள் பின்தொடர, காலை ஏற்றிய விளக்குகள் மங்கி மஞ்சளித்துக் கிடந்த தன் தேரில் ஏறி அமர்ந்து, உலகை வென்ற கையால் சாவியைத் திருப்பினான்.

கார் ஸ்ரார்ட் வரவில்லை, இராசரத்தினம்தான் கேபிள் கொண்டுவந்து தன்ர பற்றரியிலிருந்து பூஸ்ற் குடுத்தார்.