பஞ்சலிங்கத்தார் படித்த சம்மதப் பாட்டு

இந்த முறை விட்டுக்கொடுப்பதில்லை என்று கரவெட்டிப் பஞ்சலிங்கத்தார் முடிவெடுத்துவிட்டார். கலியாணமாகி இருபத்தெட்டு வருசத்தில் இப்படி நாற்பது முடிவாவது எடுத்திருப்பார். அவற்றில் ஒன்றுகூடப் பின்னேரத் தேத்தண்ணி வரைக்கும் உயிரோடு இருந்ததில்லை. ஆனால் இது கார் விசயம். அப்பா ஓட்டிய கார். மாப்பிள்ளையாய் அவர் வந்து இறங்கியதும் அதிலேதான்.

பிரச்சினை என்னவென்றால், கார் அவருடையது, அதை ஸ்ராட் பண்ணுகிற பாட்டு மனைவி கேதீஸ்வரியுடையது. அந்த ஊரில் பாடுகிற குடும்பம், பாடாத குடும்பம் என்று இரண்டு வகை. கேதீஸ்வரி பாடுகிற குடும்பம். ஒரு பாட்டுப் பாடினால் கிணற்றுத் தண்ணீர் விளிம்புக்கு ஏறி வரும். இன்னொன்று பாடினால் தோசை மா அரை மணித்தியாலத்தில் பொங்கி நிற்கும். பஞ்சலிங்கத்தார் பாடினால் வீட்டுக் கோழிகள் அடுத்த வளவுக்குப் போய்விடும். அதற்குக் காரணம் மந்திரமில்லை, கோழிகளின் மானம்.

ஆகவே கார் எங்கே படுத்தாலும் கேதீஸ்வரி இறங்கி, பொனற்றைத் திறந்து, நடுத்தெருவில் நின்று பாட வேண்டும். போன மாதம் நெல்லியடிச் சந்தியில், பஸ்சில் இருந்த சனம் முழுக்க எட்டிப் பார்க்க, மூன்று தரம் பாடினாள். வீட்டுக்கு வந்ததும் சொல்லிவிட்டாள்.

"இஞ்சாருங்கோ, இனி உந்தக் காருக்கு நான் பாடமாட்டன். கொழும்புத்துறையிலை ஹோட்டல் நடத்துற என்ரை தம்பி றொகான் கேக்கிறான், வாசலிலை வடிவுக்கு விடுறதுக்கு. குடுத்திட்டால் கராஜிலை பிள்ளையளுக்குப் பாட்டு வகுப்பு வைப்பன்."

"என்ரை காரைப் பூச்சாடி மாதிரி வாசலிலை வைக்கவோ?"

"பூச்சாடிக்கு ஆரும் பாடத் தேவையில்லை."

"ஏலாது."

"யோசிச்சுச் சொல்லுங்கோ. உங்கடை சம்மதம் இல்லாமல் நான் ஒண்டும் செய்யன்."

அந்தச் சொல்லைக் கேட்டதும்தான் அவருக்குச் சம்மதப் பாட்டு ஞாபகம் வந்தது. அதைக் கேட்டவர்கள் ஒரு மணித்தியாலத்துக்கு எதற்கும் ஓம், சரி என்பார்கள். வாயால் மட்டுமில்லை, மனதார. மறுநாளே கொடிகாமத்துக்கு பஸ் ஏறினார். அங்கே சந்தையில் பலாக்காயைப் பாடியே பழுக்க வைத்து விற்கும் நாகலிங்கம், பாட்டை ஒரு கொப்பித் தாளில் எழுதிக் கொடுத்தார். மற்றப் பாட்டுகளுக்குக் குரல் வேண்டும், இதற்கு எந்தக் குரலும் போதும், வரி மட்டும் தப்பக்கூடாது, ஒரு மாதம் நாள் தவறாமல் பழகு என்றும் சொன்னார்.

எங்கே பழகுவது? கேதீஸ்வரியின் காதில் விழக்கூடாது. பின்னேரங்களில் காருக்குள் ஏறி, நாலு கண்ணாடிகளையும் ஏற்றிவிட்டுப் பாடினார். வெளியே ஒரு சொல் போகவில்லை. தன் புத்தியைத் தானே மெச்சிக்கொண்டார்.

அந்த மாதம் வீடு அதிசயமாக அமைதியாக இருந்தது. அவர் காரை விட்டு இறங்கும்போது கேதீஸ்வரி தேத்தண்ணியோடு நிற்பாள். கிணற்றடியைக் கொஞ்சம் தேய்த்துவிடலாமோ என்பாள். ஓம் என்று தேங்காய்த் தும்பும் கையுமாகப் போவார். வேலியில் நாலு கதியால் தடி போடலாமோ என்பாள். போடுவார். பக்கத்து வீட்டு உதயகலா மதிலுக்கு மேலால் கேட்டதற்காக அவள் வளவையும் கூட்டிக் கொடுத்தார். சைக்கிளில் வந்த மீன்காரன் வேணுமோ என்று கேட்க, இரண்டு பேருக்கு நாலு கிலோ சூடை வாங்கினார். எல்லாவற்றையும் சீட்டியடித்தபடி செய்தார். அவளுக்குச் சந்தேகம் வராமல் இருக்கத்தான் இப்படி நடக்கிறேன் என்று தனக்குத்தானே விளக்கமும் சொல்லிக்கொண்டார்.

முப்பதாம் நாள் குசினிக்குள் போய், கேதீஸ்வரிக்கு முன்னால் நேராக நின்று பாடினார். ஒரு வரி தப்பவில்லை. அவள் கரண்டியைக் கீழே வைத்துவிட்டு, கைகட்டி மரியாதையாக நின்றாள். பாடி முடித்து வேர்வையைத் துடைத்தார்.

"கேதீஸ், கார் எங்கையும் போகாது. விளங்குதோ?"

கேதீஸ்வரி இரண்டு காதிலிருந்தும் பஞ்சை எடுத்தாள்.

"முடிஞ்சுதோ? வாய் ஆடுறது நிக்கட்டும் எண்டு பாத்துக்கொண்டு நிண்டனான்."

"பஞ்சோ?"

"எங்கடை வீடுகளிலை உந்தப் பாட்டைப் பாடுறவர்தான் முதல் பஞ்சு வைப்பார். பாடுறவரின்ரை காதிலையும் பாட்டு விழுமெல்லோ."

நாகலிங்கம் அதைச் சொல்லவில்லை. முகத்துக்குச் சவுக்காரம் போடும்போது கண்ணை மூடு என்று யாரும் யாருக்கும் சொல்லிக்கொடுப்பதில்லை. அடைத்த காருக்குள் ஒரு மாதம் முழுப் பாட்டையும் கேட்ட ஒரே ஆள் பஞ்சலிங்கத்தார்தான். கிணற்றடி, வேலி, சூடை மீன் எல்லாம் வரிசையாகக் கண்ணுக்கு முன்னால் வந்து போயின.

"உமக்கு எப்ப தெரியும்?"

"முதல் நாள் நீங்கள் தும்பைத் தூக்கேக்கையே."

"அப்ப காரை அண்டைக்கே கேட்டிருக்கலாமே?"

"கேட்டிருந்தால் அதோடை பாட்டை விட்டிருப்பியள். வேலி முடியட்டும் எண்டு பாத்தனான்."

கோபம் வரவேண்டிய இடம். ஆனால் அவர் பாடி முடித்து இரண்டு நிமிடம்கூட ஆகவில்லை.

"தம்பி உழவு மெசினோடை வாசல் படலையடியிலை நிக்கிறான். காரைக் குடுப்பமே?"

ஏலாது என்ற சொல் தொண்டை வரைக்கும் வந்தது. வாய்க்கு வந்தபோது ஓம் ஆகிவிட்டது. காருக்குக் கயிறு கட்டியதும் அவரே. ஒழுங்கையால் தெருவுக்குத் திரும்பும்வரை பின்னால் நின்று தள்ளியதும் அவரே. திரும்பி வந்தபோது கேதீஸ்வரி கராஜ் வாசலில் நின்றாள். அவள் முகத்தில் இப்போது கேலி இல்லை, கொஞ்சம் இரக்கம்கூட இருந்தது.

"இஞ்சாருங்கோ, உங்களுக்குச் சந்தோசம்தானே?"

"ஓம்" என்றார் பஞ்சலிங்கத்தார். கொடுமை என்னவென்றால், அவருக்கு உண்மையாகவே சந்தோசமாக இருந்தது.