சார் ஊட்டுச் சாமி

செம்மேடு, கொல்லிமலை,
புதன்கிழமை.

மைத்துனன் சிரஞ்சீவி முருகானந்தத்துக்கு நவநீதகிருஷ்ணன் எழுதிக்கொள்வது. இவ்விடம் நானும் நீ அனுப்பிவைத்த மீனும் நலம். மீன் என்னைவிடக் கொஞ்சம் கூடுதல் நலம். அவ்விடம் நீ, உன் மனைவி, குழந்தைகள், போன வருஷம் பொங்கல் முடிந்ததிலிருந்து உன் வீட்டில் தங்கியிருக்கும் என் மனைவி ருக்குமணி அனைவரும் சுகமாக இருக்க வேண்டிக்கொள்கிறேன்.

போன் செய்தால் நீ எடுப்பதில்லை. வாட்ஸ்அப்பில் நீலக் கோடு விழுகிறது, பதில் விழுவதில்லை. ஆகவே தபால். விஷயம் ஒன்றுதான். வருகிற ஞாயிற்றுக்கிழமை ஒரு வண்டியோடு வந்து உன் மீனைத் திரும்பக் கொண்டுபோய்விடு. அது இந்த வீட்டில் இருக்கும்வரை உன் அக்காள் இங்கே கால் வைக்க மாட்டாளாம். "தரையில நடக்குதாமே, நான் தூங்கறப்ப கட்டில்ல ஏறினா என்ன பண்றது" என்று கேட்கிறாள். நியாயமான கேள்வி. எனக்கு அவள் வேண்டும். இதை எழுதிக் கேட்கவேண்டிய நிலைமைக்கு என்னைக் கொண்டுவந்ததும் நீதான்.

அவள் கீழே இறங்கியதற்குக் காரணம் எழுபது கொண்டை ஊசி வளைவும் தலைசுற்றலும் என்று ஊரெல்லாம் சொல்லிவைத்திருக்கிறாள். பஸ் ஏறும்போது என்னிடம் சொன்னது வேறு. "ஆபீஸ் கதையைக் கேட்டுக் கேட்டு எனக்குக் காது புளிச்சுப் போச்சு. ஒரு மீனை வாங்கி வச்சு அதுகிட்டச் சொல்லுங்க. அதுக்குத்தான் காது கிடையாது" என்றாள். மீனுக்கும் காது உண்டு, உள்ளே இருக்கிறது என்று நான் திருத்துவதற்குள் பஸ் கிளம்பிவிட்டது. ஆபீஸ் கதை என்றால் என்ன? எனக்கு வரவேண்டிய பதவி உயர்வை எனக்குப் பின்னால் வேலைக்குச் சேர்ந்தவனுக்குக் கொடுத்துவிட்டு என்னை மலைக்கு அனுப்பினார் எங்கள் தோட்டக்கலைத் துறைத் துணை இயக்குநர். அதை நான் கட்டிய மனைவியிடம் சொல்லாமல் பஸ் கண்டக்டரிடமா சொல்வேன்?

இதைக் கேள்விப்பட்ட நீ, உறையூரில் உன் மீன் கடையை மூடும் சமயமாகப் பார்த்து, கண்ணாடித் தொட்டி, காற்று மோட்டார், வாலாட்டிக்கொண்டு நாலைந்து தங்கமீன், ஒரு பிடி கப்பி மீன், அவற்றோடு விரல் நீளத்தில் சாம்பல் நிறமாக ஒன்று, எல்லாவற்றையும் காய்கறி வண்டியில் ஏற்றி அனுப்பினாய். சாம்பல் நிற ஆசாமி ஆப்பிரிக்கா என்றும் பெயர் பாலிப்டெரஸ் என்றும் கடையில் டைனோசர் மீன் என்பார்கள் என்றும் எழுதி, கடைசியில் "சாது" என்று ஒரு வார்த்தை சேர்த்திருந்தாய். உன் சாதுக்களை நான் அறிவேன். நீ என் தலையில் கட்டிய பழைய ஸ்கூட்டரும் சாதுதான், துறையூர் ரோட்டில் அது என்னைக் கீழே தள்ளும்வரை. உன் கல்யாணத்தில் என்னை இரண்டாவது பந்தியில் உட்காரவைத்ததையும், பத்திரிகையில் என் பெயருக்குப் பின்னால் பி.எஸ்சி. தோட்டக்கலை என்பதை விட்டுவிட்டதையும் இங்கே நான் எடுக்கவில்லை.

முதலில் கப்பிகள் குறைந்தன. பிறகு ஒரு தங்கமீன். மீன் காணாமல் போனால் யாரும் பூனையைத்தான் நினைப்பார்கள். பக்கத்துக் குவார்ட்டர்ஸில் ஜோசப் வாத்தியார் வீட்டில் ஒரு பூனை உண்டு. நான் வேலியோரம் நின்று கொஞ்சம் அழுத்தமாகவே சொல்லிவிட்டேன். அவர் மனைவி பிரிசில்லா, நாகர்கோவில்காரர், துணி காயப்போட்டுக்கொண்டே, "எங்க பூனை சாளை மீனையே மோந்து பாக்காது சார். அதுக்குப் பால்சோறு போதும். உங்க வீட்டுக்குள்ளயே நல்லாத் தேடிப் பாருங்க" என்றார். அவமானமாக இருந்தது. மறுநாள் காலை உன் சாதுவின் வாயிலிருந்து கடைசித் தங்கமீனின் வால் மட்டும் வெளியே நீட்டிக்கொண்டிருந்ததைப் பார்த்தபோது இன்னும் அவமானமாக இருந்தது. பிரிசில்லாவிடம் அரைக் கிலோ மிளகு கொடுத்து மன்னிப்புக் கேட்டேன். அதிலிருந்து பூனை தினமும் வந்து தொட்டிக்கு வெளியே உட்கார்ந்து அதைப் பார்த்துக்கொண்டிருக்கிறது. மரியாதையான தூரத்தில்.

தனியாக இருந்த மீன் வளர்ந்தது. இப்போது என் முழங்கை நீளம். முதுகில் ரம்பம் மாதிரி வரிசையாகக் குட்டித் துடுப்புகள். கண் சுமார்தான், மோப்பத்தால் இரை தேடும். நிமிஷத்துக்கொரு தரம் மேலே வந்து காற்றை ஒரு வாய் விழுங்கிவிட்டுப் போகும். நான் சாயங்காலம் வந்து துணை இயக்குநரைப் பற்றிச் சொல்லத் தொடங்கினால் சரியாக அந்த இடத்தில் மேலே வந்து "அப்படியா" என்பதுபோல் வாயைத் திறக்கும். மார்கழிக் குளிரில் கரண்ட் போனபோது, பழைய ஆபீஸில் எனக்குப் பிரிவுபசாரம் செய்து போர்த்திய சால்வையை எடுத்துத் தொட்டிக்குச் சுற்றினேன். அந்தச் சால்வையால் யாராவது பயனடைந்தது அதுதான் முதல்முறை.

இனி பாவாயியைப் பற்றிச் சொல்லவேண்டும். தேவனூர் நாட்டுக்காரர் (மலையில் சில ஊர்கள் சேர்ந்தால் அது ஒரு நாடு), என்னைவிட மூத்தவர், மரவள்ளிக் காட்டு வேலையை முடித்துக்கொண்டு வந்து எனக்குச் சமைத்துத் தருகிறார். வந்த நாள் முதல் என்னை "சாமி" என்றுதான் கூப்பிடுவார். "சாப்புடுங்க சாமி, ஆறிப்போவுது." என் துறையில் கிடைக்காத மரியாதை மலையில் கிடைக்கிறது என்று ருக்குமணிக்குப் பெருமையாகச் சொன்னேன். பிறகு ஒருநாள் அவர் காட்டிலிருந்து மண்புழு கொண்டுவந்து தொட்டியில் போட்டு, "தின்னு சாமி" என்றார். வாசலில் நின்ற ஆட்டுக்குட்டியையும் அப்படியே கூப்பிட்டார். நான் அன்றைக்குச் சரியாகச் சாப்பிடவில்லை.

போன சந்தை நாள் காலையில், மூடிக் கண்ணாடியைத் துடைத்துவிட்டுச் சரியாக வைக்காமல் குளிக்கப் போய்விட்டேன். வந்து பார்த்தால் தொட்டியில் மீன் இல்லை. பாவாயிதான் கண்டார். கொல்லைப்புறம் துவைக்கிற கல்லுக்குப் பக்கத்தில், உடம்பெல்லாம் செம்மண் அப்பிக்கொண்டு, முன் துடுப்பிரண்டையும் கையாக ஊன்றி, ஆபீஸுக்கு நேரமாகிவிட்ட குமாஸ்தாவைப் போல அது நடந்துகொண்டிருந்தது. அதற்கு நுரையீரல் உண்டு, ஈரம் இருந்தால் தரையில் தாக்குப்பிடிக்கும். பாவாயிக்கு அது தெரியாதே. சந்தைக்குப் போக ரோட்டில் பஸ்ஸுக்கு நின்ற மிளகு விவசாயி சின்னக்கண்ணுவைப் பார்த்து, "ஏனுங், சார் ஊட்டுச் சாமி வெளிய வந்து நடக்குதுங்க, வந்து பாருங்க" என்று குரல் கொடுத்தார்.

இதை வேறு எந்த ஊரில் சொல்லியிருந்தாலும் நான் குளித்துவிட்டு வெளியே வந்தேன் என்றுதான் அர்த்தமாகியிருக்கும். ஆனால் இது கொல்லிமலை. அறப்பளீசுவரர் கோயில் ஆற்று மீனை இங்கே யாரும் பிடிப்பதில்லை, பொரி போட்டுக் கும்பிடுவார்கள். அறுத்துக் குழம்பில் போட்ட மீன் உடம்பு பொருந்தி ஆற்றில் குதித்துப் போனதாகக் கதை உண்டு. சின்னக்கண்ணு வந்தார், செம்மண்ணில் நடக்கிற மீனைப் பார்த்தார், செருப்பைக் கழற்றினார். நான் ஈரத் துண்டால் அதை அள்ளித் தொட்டியில் விட்டேன். அவர் ஏறிய பஸ் சோளக்காடு சந்தைக்குப் போய்ச் சேர்வதற்கு முன்னால் செய்தி போய்விட்டது. மதியத்துக்குள் என் வாசலில் தேங்காய், சூடம், வாழைப்பழத்தோடு தேவனூர் நாட்டு ஜனம், திருப்புலி நாட்டு ஜனம். சென்ற மாதம் மிளகு வாடல் நோயைப் பற்றி நான் கூட்டம் போட்டபோது பாவாயியும் அவர் நாயும்தான் வந்திருந்தார்கள்.

நான் தொட்டிக்கு முன்னால் நின்று, இது ஆப்பிரிக்க மீன், கூட இருந்தவர்களையெல்லாம் தின்றது, சாமி இல்லை என்று விளக்கினேன். சந்தையிலிருந்து கூட்டத்தோடு திரும்பியிருந்த சின்னக்கண்ணு என்னை நம்பவில்லை. பாவாயியைப் பார்த்து, "நீதான சாமின்னு சொன்ன?" என்றார். பாவாயி, "எம் பேரனையுந்தான் சாமிங்கறேன். அதுக்கு என்னிக்காச்சும் தேங்கா ஒடச்சியா நீயி?" என்றார். கூட்டம் சிரித்த சிரிப்பில் பூனை ஓடிப்போயிற்று. நானும் சிரித்தேன் என்று சொல்கிறார்கள். வந்தவர்கள் உடனே கிளம்பவில்லை. ஒருவர் மிளகுக்கொடி அடியில் கறுக்கிறது என்றார். இன்னொருவர் இலை மஞ்சளிக்கிறது என்றார். இருட்டும்வரை பேசினோம். தேங்காயெல்லாம் சட்னியாயிற்று. வெள்ளிக்கிழமை திருப்புலி நாட்டுக்கு வரச்சொல்லியிருக்கிறார்கள்.

அன்று ராத்திரி இதையெல்லாம் போனில் ருக்குமணியிடம் சொன்னேன். அவள் சிரித்தாள். அந்தச் சிரிப்பைக் கேட்டு வருஷக்கணக்காயிற்று. சிரித்து முடித்த பிறகுதான் கட்டில் கேள்வியைக் கேட்டாள். ஆகையால் மீனைக் கொண்டுபோ. ஆற்றில் விட்டுவிடலாமே என்று யோசனை சொல்லாதே. இது கோயில் மீன்களையெல்லாம் தின்று தீர்த்துவிடும், அந்தப் பாவமும் உன் கணக்கில்தான் சேரும். எடுத்துப்போகும்போது சால்வையையும் சேர்த்து எடுத்துப்போ, வளைவுகளில் மெதுவாக ஓட்டு, அதற்குக் குளிர் ஆகாது. மண்புழுவை அலசிப் போடவேண்டும். சாயங்காலம் கொஞ்ச நேரம் யாராவது அதனோடு பேசவேண்டும்.

உன் மனைவியைக் கேட்டதாகச் சொல். குழந்தைகள் படிப்பும் உடம்பும் நன்றாயிருக்க என் ஆசிகள். உனக்கும் ஆசிகள், பந்தி விஷயம் அப்படியே இருந்தாலும்.

இப்படிக்கு,
நவநீதகிருஷ்ணன், பி.எஸ்சி. (தோட்டக்கலை)

பின்குறிப்பு: வியாழக்கிழமை. மேற்படி கடிதத்தைத் தபாலில் சேர்க்காமல் வேலைக்குப் போய்விட்டு மதியம் வந்தால் வாசலில் ருக்குமணியின் செருப்பு. கையில் எலுமிச்சம்பழத்தோடு காலை பஸ்ஸில் ஏறி வந்திருக்கிறாள். மீன் இருக்கும்போதே எப்படி வந்தாய் என்று கேட்டேன். "அன்னைக்கு அவ்வளவு நேரம் பேசினீங்க, ஒரு தடவைகூட அந்த டெபுடி டைரக்டர் பேரு வரலை. உடம்பு கிடம்பு சரியில்லையோன்னு பாக்க வந்தேன்" என்றாள். வந்ததும் பாவாயியிடம், "ஊரே பேசுதே, சாமி எங்க இருக்கு, காட்டுங்க" என்று கேட்டிருக்கிறாள். "எந்தச் சாமிங்க? பெருசு ஆபீஸ் போயிருக்குதுங்க, சின்னது உள்ளார தண்ணியில கெடக்குதுங்க" என்றாராம் பாவாயி. இதை இதுவரை மூன்று தடவை சொல்லிச் சிரித்துவிட்டாள். கடிதத்தையும் படித்துவிட்டாள். பந்தி, பத்திரிகை இரண்டையும் அடிக்கச் சொல்கிறாள். அடிக்க மாட்டேன். ஆகவே ஞாயிற்றுக்கிழமை வண்டியோடு வா, மீனை எடுத்துப்போக அல்ல. இதைவிடப் பெரிய தொட்டியும், கனமான மூடியும் கொண்டுவா. கட்டிலுக்கு உயரமான கால் வைக்கத் தச்சரிடம் சொல்லியாயிற்று. சாப்பாடு இங்கேதான். முதல் பந்தி.