வாசலில் கயிறு கட்டிப் பாடினேன்

எனக்குப் பாட வராது. குளிக்கும்போது முணுமுணுத்தால்கூட அம்மா கதவைத் தட்டி நிறுத்தச் சொல்வார். அப்படிப்பட்ட நான், ஒரு சீன விருந்தாளியை வாசலில் மறித்துப் பாடியிருக்கிறேன்.

எங்கள் நிட்டிங் யூனிட்டுக்குச் சீனாவிலிருந்து புது மிஷின் வந்திருந்தது. அதை ஓடவிட வந்தவர் வூ அக்கா. (வயதைக் கேட்காமல் நாங்களாகக் கொடுத்த பட்டம்.) சீனாவின் குய்சோ மலைப்பகுதியில் வாழும் டோங் இனத்தவர். மிஷினில் ஊசி மாற்றும்போதெல்லாம் ஏதோ பாடுவார். வேலையை விட்டுவிட்டுப் பக்கத்தில் நின்று கேட்பேன், அவ்வளவு பிடிக்கும்.

அவர்கள் ஊரில் விருந்தாளி வந்தால் வழியில் கயிறு கட்டி மறித்துப் பாடுவார்களாம். பதில் பாட்டுப் பாடினால்தான் உள்ளே விடுவார்களாம். மொழிபெயர்க்கும் போன் சொன்னது.

மிஷின் துணியில் இன்னும் ஓட்டை விழுந்துகொண்டிருந்தது. அதற்குள் வூ அக்கா தன் ஊர்த் திருவிழாவுக்கு நாளைக்குக் கிளம்புகிறேன் என்றார். அவர் போனால் ஏற்றுமதி ஆர்டரும் போச்சு. அப்பாவுக்குச் சோறு இறங்கவில்லை.

“விருந்துக்குக் கூப்பிட்டு, அவங்க ஊரு மாதிரியே பண்ணலாமுங்கப்பா. மனசு மாறி இருந்துக்குவாங்க” என்றேன். (எம்.பி.ஏ. மூளை.)

வேஸ்ட் நூலைத் திரித்து வாசலில் கட்டினேன். வூ அக்கா வந்ததும், மனப்பாடம் செய்திருந்த காவடிப் பாட்டை எடுத்துவிட்டேன். அவர் முகமெல்லாம் சிரிப்பு. கண்ணை மூடிப் பதில் பாடினார். அடடா, என்ன குரல்! முடித்துவிட்டு என்னையே பார்த்தார். மறுபடியும் என் முறையாம்! (இதை அந்தப் பாழாய்ப்போன போன் சொல்லவில்லை.) கைவசம் வேறு பாட்டில்லை. வாயில் வந்தது, பெரியப்பா சாவில் கேட்ட ஒப்பாரி. அதையே இழுத்தேன்.

எதிர்வீட்டுக்காரர் துண்டை உதறிக்கொண்டு ஓடிவந்தார். “ஏனுங்க, யாருங்க தவறிட்டாங்க?”

“யாருமில்லீங்க, விருந்துங்க!” அப்பா பல்லைக் கடித்தார்.

வூ அக்கா சிரிக்கவில்லை. கயிற்றைப் பிடித்தபடி பொலபொலவென்று அழுதார். அம்மாதான் கயிற்றை அவிழ்த்து, “வா கண்ணு, சாப்பிடலாம்” என்று கைபிடித்து அழைத்துப் போனார். சாப்பிட்டு எழுந்ததும் வூ அக்கா போனை நீட்டினார். அதில் தமிழில் இருந்தது: “என் அம்மா ஞாபகம் வந்துவிட்டது. நாளைவரை பொறுக்க முடியாது. இன்றே போகிறேன்.”

போய்விட்டார். ஆர்டரும் வேறு கம்பெனிக்குப் போனது. அப்பா கொஞ்ச நாள் என் முகத்தைப் பார்க்கவில்லை. எனக்கென்னவோ அந்தக் குரலை நினைத்தால் ஆர்டர் போன வருத்தமே வருவதில்லை. இன்னொரு தரம் கேட்க முடியாதா என்றுதான் இருக்கிறது.

இப்போதும் சொந்தக்காரர் யாராவது கிளம்பும் எண்ணமே இல்லாமல் எங்கள் வீட்டில் உட்கார்ந்திருந்தால், சமையலறையிலிருந்து அம்மா குரல் கொடுப்பார்:

“ஏஞ்சாமி, ஒரு பாட்டுப் பாடேன்!”