பெர்த்தலோவின் ஒரு பக்க வசனம்

"பெர்த்தலோ! வெயில் ஜன்னலை விட்டுப் போறதுக்குள்ள எடுத்தாகணும். தயாரா?" என்று கத்தினார் டைரக்டர் வெர்னாய்.

"எப்பவோ தயார்!" என்றார் பெர்த்தலோ, மாதா கோயிலில் பாதிரியாரிடம் பாவங்களைச் சொல்லி மன்னிப்புக் கேட்கும் பாவசங்கீர்த்தனக் கூண்டுக்குள்ளிருந்து.

பிரெஞ்சு சினிமாவில் போலீஸ்காரர், ஹோட்டல் சர்வர், ரயில் கார்டு என்று வந்து, "இந்தப் பக்கம் வாங்க" என்று கைகாட்டியே தலை நரைத்தவர் அவர். முகத்தை நாடே அறியும். பெயரை ஒருவரும் அறியார். இன்றுதான் முதல்முறையாக ஒரு பக்க வசனம். பாவியின் மனத்தைக் கரைக்கும் கிராமத்துப் பாதிரியார் வேடம். அசத்திவிடுவோம் என்பதில் அவருக்குத் துளியும் சந்தேகமில்லை.

அப்போது கம்பிவலைக்கு அப்பால் ஒரு பெண்குரல்.

"ஐயா, மனசுல ஒரு பாரம். கொஞ்சம் காது கொடுத்துக் கேளுங்களேன்."

முக்காடு போட்ட ஓர் அம்மாள் மண்டியிட்டிருந்தாள். பெர்த்தலோவுக்குத் தூக்கிவாரிப்போட்டது. பாவம், அங்கியைப் பார்த்து ஏமாந்துவிட்டாள்! கேட்டால் தெய்வக் குற்றம்; 'நான் நடிகன்' என்றால் அவள் கூனிக்குறுகிப் போவாள்.

"ஒரு நிமிஷம் இருங்கம்மா" என்று நழுவி, வாசலில் கேமராவை வாய்பிளந்து பார்த்துக்கொண்டிருந்த அந்த ஊர்ப் பங்குச் சாமியாரைக் கையோடு இழுத்துவந்து கூண்டில் உட்காரவைத்தார்.

அம்மாள் பதறி எழுந்தாள். "ஐயோ, அவரு வேணாங்க!" என்று கிசுகிசுத்தாள்.

"கூச்சப்படாதீங்க. என்னைவிட அனுபவசாலி."

"இல்லீங்க, அவரு வந்து..."

"சாமியாரும் மனுஷன்தாம்மா. தைரியமாச் சொல்லுங்க" என்று அன்போடு மறுபடி மண்டியிட வைத்தார்.

அன்று ஈஸ்டருக்கு முந்தின நாள்; பண்டிகைக்குள் பாவத்தைச் சொல்லித் தீர்க்க எல்லோருக்கும் அவசரம். சாமியார் கூண்டில் உட்கார்ந்துவிட்டார் என்ற சேதி எப்படித்தான் பரவியதோ, ஊரே வரிசையில் வந்து நின்றது. விளக்குப் பிடிப்பவர்கள்கூடத் தொப்பியைக் கழற்றிவிட்டுச் சேர்ந்துகொண்டார்கள்.

"என்னய்யா கூத்து இது? கூண்டுல யாரு?" என்று பாய்ந்து வந்தார் வெர்னாய்.

"நிஜமான சாமியார்."

"அவரை யாருய்யா கூப்பிட்டது?"

"நான்தான்."

"வெளிய வரச்சொல்லு!"

"பாதியில எழுப்பக் கூடாது சார். உள்ள ஒரு ஆத்மா கரையேறிக்கிட்டிருக்கு."

"வெளிய உன் வசனம் மூழ்கிக்கிட்டிருக்கு!"

வெயில் மெல்ல ஜன்னலை விட்டு நகர்ந்தே போய்விட்டது.

"வசனம் கிடையாது. கையைத் தூக்கி ஆசீர்வாதம் பண்ணிட்டுப் போ, அது போதும்" என்றார் வெர்னாய்.

பெர்த்தலோ வசனத் தாளை மடித்து அங்கிக்குள் செருகிக்கொண்டார். ஆனாலும் நெஞ்சு நிமிர்ந்தே இருந்தது. ஒரு பக்க வசனம் போனால் போகட்டும். ஒரு ஜீவனுக்கு நிம்மதி கிடைத்ததே! மேலே இருக்கிறவருக்குத் தெரியாதா?

திடீரென்று கூண்டுக்குள் சாமியாரின் அலறல். "அப்போ அது பூனை இல்லையா?"

அம்மாள் முக்காட்டை இழுத்துக்கொண்டு வெளியே ஓடிவந்தாள்.

"இப்போ மனசு லேசாயிருச்சாம்மா?" என்று கனிவாகக் கேட்டார் பெர்த்தலோ.

"நீங்க நடிகர், நாளைக்கு ஊரை விட்டுப் போயிருவீங்கன்னுதானேய்யா உங்ககிட்ட சொல்ல வந்தேன், தன்னோட பிளம்பழச் சாராயத்தை வீட்டுல குடிக்கிறது பூனைதான்னு நான் நம்பவெச்சிருந்த என் தம்பியையே கூட்டிவந்து உள்ள உட்காரவெச்சுட்டீங்களே!"