நான் ஏலத்தில் எடுத்த வீடு

ஏலத்தில் வீடு எடுக்கப் பணம் வேண்டும் என்று பலர் நம்பிக்கொண்டிருக்கிறார்கள். டிராமுக்கான சில்லறையையும் ஒரு பேனாவையும் மட்டும் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, இராயபுரத்தில் ஒரு மாடி வீட்டை ஏலத்தில் எடுத்தவன் நான். அது என் நண்பன் சவரிமுத்துவின் வீடு. அதைக் காப்பாற்றத்தான் போயிருந்தேன்.

சுதந்திரம் வந்து சில ஆண்டுகளே ஆகியிருந்த காலம். சவரியின் தகப்பனார் துறைமுகத்தில் சரக்குப் படகு விட்டவர். வீட்டை அடமானம் வைத்து வாங்கிய படகைப் புயல் கொண்டுபோயிற்று. பின்னர் அவரும் போய்விட்டார். கடன் கொடுத்தவர் வழக்கில் வென்று வீட்டை ஏலத்துக்குக் கொண்டுவந்தார். கடனில் ஒரு பகுதியைக் கட்டினால் ஏலத்தை நிறுத்தித் தவணை தருவதாக நீதிபதி சொல்லியிருந்தார். தாயின் நகைகளை விற்ற பணம் ஏலத்தன்று காலையில்தான் கைக்கு வந்தது. அதோடு சவரி கோர்ட்டுக்கு ஓடினான்.

"நீதான் சட்டம் பட்ச்சவனாச்சே. நான் ஆர்டரோட வர்ற வரிக்கும் ஏலத்த முடிய வுடாத, இன்னா?"

(முடிய விடாதே என்றுதான் சொன்னான், வாங்கு என்று சொல்லவில்லை. இந்த வேறுபாட்டை அவன் கடைசிவரை எனக்கு நினைவூட்டி வந்தான்.)

வாசலில் ஏலத்தை நடத்த வந்த கோர்ட் அமீனா, தமுக்கு அடிப்பவர், குடையோடு தண்டையார்பேட்டைக் கிடங்குக்காரர் ஒருவர். சட்டப் புத்தகத்தைக் கொண்டு நான் வகுத்த உத்தி எளியது: ஏலக் கேள்வி ஏறிக்கொண்டிருக்கும்வரை ஏலம் முடியாது. ஆகவே, கிடங்குக்காரர் கேட்டபோதெல்லாம் பத்து ரூபாய் ஏற்றினேன். அரை மணி நேரம் நன்றாகவே போயிற்று. பிறகு எனக்குள் அறிவு வேலை செய்தது. அவரைச் சீண்டினால் இன்னும் வேகமாக ஏறுவார் என்று கருதி, ஒரேயடியாக ஆயிரம் ஏற்றினேன்.

அவர் நிதானமாகக் குடையை விரித்தார். "தம்பி ரொம்ப ஆசப்படுது. எடுத்துக்கட்டும்" என்று சொல்லிவிட்டு நடையைக் கட்டினார்.

"ஒரு தரம்" என்றார் அமீனா.

தெருமுனையில் சவரியைக் காணவில்லை. கேட்க வேறு ஆளும் இல்லை. நானே இன்னும் பத்து ரூபாய் ஏற்றினேன்.

தமுக்குக்காரர் கோலை நிறுத்திவிட்டு என்னை உற்றுப் பார்த்தார். "இன்னா சார், உன் மேலயே நீ ஏத்திக்கினு கீற? ஒடம்பு சொகமில்லியா?"

"ரெண்டு தரம். மூணு தரம்." தமுக்கு முழங்கியது.

படியில் உட்கார்ந்திருந்த சவரியின் தாயார் ஞானம்மாள் எழுந்து வந்தார். "எம்மா நாளு எங்க வூட்ல துன்னுகீறே. இப்ப வூட்டயே துன்னுட்டியேடா, பாவி."

"கால் பங்கு இப்பவே கட்டணும் சார்" என்றார் அமீனா.

நான் பையைத் துழாவினேன்.

"கட்டாங்காட்டி?" தமுக்குக்காரர் ஆவலோடு கேட்டார்.

"மறுபடி ஏலம். விலை கொறஞ்சா அந்த நஷ்டம் இவர் தலையில."

அந்த விதியை நான் தேர்வில் பிழையின்றி எழுதியிருந்தேன். (நல்ல மார்க்கும் வாங்கியிருந்தேன்.) அமீனா என் பெயரையும் தகப்பனார் பெயரையும் விலாசத்தையும் எழுதிக்கொண்டார். தொழில் என்ன என்றார். வக்கீலாகப் போகிறேன் என்றேன்.

"அத்த அப்பாலிக்கிப் பாக்கலாம்" என்றார் தமுக்குக்காரர்.

எழுதி முடிந்து மறு ஏலத்துக்குத் தமுக்கைத் தட்டத் தொடங்கியபோது, யாருடைய சைக்கிளிலோ வந்த சவரி வாசலிலேயே விழுந்தான். தடை உத்தரவு கசங்கியிருந்தது; ஆனால் செல்லும். அமீனா இருமுறை படித்துப் பார்த்து ஏலத்தை நிறுத்தினார். என் கையில் பணம் இல்லாததால் நேர்ந்த தாமதமே வீட்டைக் காத்தது என்று அன்று மாலை அவர்கள் கூடத்தில் நின்று வாதிட்டேன். அது என் முதல் வழக்கு. தோற்றேன்.

அன்றுமுதல் அவ்வீட்டில் எதைச் செய்தாலும் என் அனுமதி கேட்பது வழக்கமாயிற்று. சுண்ணாம்பு அடிப்பதென்றாலும், "ஓனரு இன்னா சொல்றாருன்னு கேட்டுகினு வா" என்று ஞானம்மாள் ஆள் அனுப்புவார். தவணைகளெல்லாம் கட்டி முடித்த பிறகும் சவரி விடவில்லை. மகள் திருமணத்துக்குப் பந்தல் போட, என் வக்கீல் அலுவலகத்துக்கே வந்து, கட்சிக்காரர்கள் முன்னிலையில் கைகட்டி நின்று கேட்டான். தலையசைக்கும்வரை போகவும் இல்லை.

சென்ற மாதம் அவனுடைய மகன் வந்திருந்தான்.

"பெரிப்பா, கூடத்து செவுத்துல ஒரு ஆணி அடிக்கணும். அப்பா படம் மாட்டறதுக்கு. உங்களக் கேட்டுகினு அடிக்கச் சொன்னாங்க அம்மா."

அடித்துக்கொள்ளலாம் என்றேன். வாசலைப் பார்த்தாற்போல் இருக்கட்டும் என்றும் சொல்லியனுப்பினேன்.