ருமைஸாவின் கேம் மீட்கப்பட்ட வரலாறு

களவு போன பொருளை மீட்டு உரியவரிடம் ஒப்படைப்பது அரசின் தலையாய கடமை. இதில் மாற்றுக் கருத்துக்கு இடமில்லை. தூத்துக்குடி கரையில் அந்தக் கடமையைப் பல வருஷமாகச் செய்துவந்தது 'தோணி, எஞ்சின் மற்றும் நங்கூரக் களவு மீட்பு அலுவலகம்'. இப்போது கரையெங்கும் கேமரா வந்துவிட்டது. நங்கூரத்தைத் தூக்கிக்கொண்டு ஓடுகிறவனும் இல்லை. வேலை இல்லை என்பதற்காக அலுவலகத்தை மூடுவது நம் வழக்கமில்லையே! பலகையில் 'மற்றும் இணையவழி' என்று சேர்த்து எழுத மேலிடம் உத்தரவிட்டது. பலகையை மாற்ற பெயிண்டர் வந்தார். விதிகளை மாற்ற யாரும் வரவில்லை.

அந்தப் பலகையை நம்பி வந்தவள் காயல்பட்டினத்து ருமைஸா. வருஷக்கணக்கில் உட்கார்ந்து முத்துக்குளிப்பை வைத்து 'சலாபம்' என்று ஒரு கம்ப்யூட்டர் கேம் செய்திருந்தாள். தோணியிலிருந்து குதித்து, சுறாவுக்குத் தப்பி, முத்துச்சிப்பி அள்ளி வர வேண்டும். நல்ல கேம். வெளியிட்ட மறுநாளே 'சும்மாகேம்ஸ்' என்ற திருட்டு வெப்சைட் அதை அப்படியே எடுத்து ஊருக்கெல்லாம் இலவசமாகக் கொடுத்துவிட்டது. இங்கே அவள் பிழைப்பே தொங்கிக்கொண்டிருந்தது. துபாயில் இருக்கும் வாப்பா காஜா முன்பே கறாராகச் சொல்லியிருந்தார்: "பெருநாள் வரைக்கும் பாரு. வித்தா ஒன் இஷ்டம். விக்கலைன்னா பேங்க் பரிட்சைக்குப் படி."

அலுவலர் செந்தூர்வேல் மனுவைப் படித்தார்.

"எஞ்சின் நம்பர் எங்கம்மா?"

"எஞ்சின் இல்ல சார், கேமு."

"சரி, இல்லைன்னு எழுதுதேன். எங்கன கட்டிப் போட்டிருந்தீங்க?"

"லேப்டாப்ல சார்."

"இப்ப அங்கன இல்லையா?"

"இருக்கு சார்."

செந்தூர்வேல் பேனாவை மூடினார். "இருக்கா? அப்ப என்னத்தம்மா களவு போச்சு?"

"காப்பி எடுத்துட்டாங்க சார்."

"ஒங்க தோணியப் பாத்து ஒருத்தன் இன்னொரு தோணி செஞ்சா, ஒங்க தோணி கரையிலதான நிக்கும்? விதி தெளிவாச் சொல்லுது, பொருள் கைவசம் இருக்கக் கூடாது. தொலைஞ்ச பெறவு வாங்க."

ருமைஸா விவரமானவள். ஒரு நகலைக் கூடப்பிறந்த லாத்தா வீட்டில் பத்திரமாக வைத்துவிட்டு, மறுநாள் வந்து அலுவலர் கண்முன்னாலேயே லேப்டாப்பிலிருந்து கேமை அழித்தாள். செந்தூர்வேல் முகம் மலர்ந்துவிட்டது. "இப்பத்தான் முறையாத் தொலைஞ்சிருக்கு" என்று மனுவில் சீல் அடித்தார்.

தேடுதல் பணி முடுக்கிவிடப்பட்டது. அதாவது, செந்தூர்வேல் டீ சொன்னார். டீ வருவதற்குள் டைப்பிஸ்ட் இசக்கியம்மாள் தலையை நிமிர்த்தினாள்.

"அது சும்மாகேம்ஸ்ல கிடக்கு சார்."

"ஒனக்கு எப்படித் தெரியும்?"

"நீங்க மத்தியானம் ஆடுத சீட்டுக்கட்டு கேமே அங்கன எடுத்ததுதான சார்?"

டீ ஆறுவதற்குள் கேம் ஒரு பென்டிரைவில் மீட்கப்பட்டது. ருமைஸாவுக்கு உயிர் வந்தது.

"அப்படியே அந்த சைட்டையும் மூடச் சொல்லுங்க சார்."

"எதுக்கு? நங்கூரம் கடல்ல கிடைச்சா கடலையா மூடுவாங்க?"

"அப்ப என் கேமையாவது கொடுங்க."

"அவசரப்படாதீங்க. மீட்ட பொருளை ஒரு மாசம் பொதுமக்கள் பார்வைக்கு வைக்கணும். வேற யாருதாவும் இருந்துட்டா?"

எஞ்சினாக இருந்தால் வாசலில் கிடத்துவார்கள். போகிறவன் வருகிறவன் எல்லாம் தட்டிப் பார்ப்பான். கேமை வாசலில் கிடத்த முடியாதே! ஆகவே அலுவலகத்தின் வெப்சைட்டில் வைத்தார்கள். பென்டிரைவை வெல்வெட் விரித்த மேசையில் வைத்து, சால்வை போர்த்தி, போட்டோ எடுத்துப் பத்திரிகைக்கும் கொடுத்தார்கள். அறிவிப்பு இப்படி இருந்தது: 'பொதுமக்கள் மேற்படி பொருளை இறக்கி, இறுதிக்கட்டம்வரை இயக்கிப் பார்த்து, உரிமை இருப்பின் தெரிவிக்குமாறு கேட்டுக்கொள்ளப்படுகிறார்கள். இல்லையேல், இது என்னுடையதல்ல என்ற கட்டத்தில் டிக் செய்யவும்.'

நம் ஜனங்களுக்குப் பொறுப்பில்லை என்று எவன் சொன்னான்? மாப்பிள்ளையூரணியிலிருந்து திருச்செந்தூர்வரை வீட்டுக்கு வீடு உட்கார்ந்து சரிபார்த்தார்கள். வேலைக்கு லீவு போட்டுச் சரிபார்த்தவர்கள் உண்டு. நானும் பார்த்தேன். சுறாவிடம் பலமுறை செத்துச் செத்துப் பிழைத்துக் கடைசிக் கட்டம்வரை போனேன். என்னுடையது இல்லைதான்.

மாசம் முடியும் நேரத்தில் புன்னைக்காயல் பவுல் வந்து நின்றார்.

"ஐயா, அந்தக் கேம்ல வாரது என் தோணி. பச்சை பெயிண்ட், முகப்புல மாதா படம், ஒட்டுப் போட்ட பலகைகூட அப்படியே இருக்கு."

பவுல் சொன்னது பொய்யில்லை. ருமைஸா புன்னைக்காயல் கரையில் நின்ற ஒரு தோணியைப் பார்த்துத்தான் வரைந்திருந்தாள்.

"தோணி இப்ப கைவசம் இருக்கா?" என்று செந்தூர்வேல் உஷாராகக் கேட்டார்.

"இல்லய்யா. போன புயல்ல அத்துக்கிட்டுப் போயிட்டு."

"கைவசம் இல்லையா!" செந்தூர்வேல் எழுந்து நின்று பவுலின் கையைக் குலுக்கினார். தானே அழிக்காமல், யாரும் சொல்லிக் கொடுக்காமல், பொருளை உண்மையாகவே தொலைத்துவிட்டு வந்த முதல் இணையவழி மனுதாரர் அவர்.

உரிமைப் பிரச்சினை எழுந்துவிட்டது. அது தீரும்வரை பொருள் மக்கள் பார்வையில் தொடர்ந்து இருக்கும் என்று ஆணை வந்தது. பவுலும் ருமைஸாவும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்து வாய்தா வாங்கினார்கள். "ஒம்மேல எனக்கு வருத்தம் இல்ல தாயி, படம் நல்லா வரைஞ்சிருக்க" என்று பவுல் கடலை மிட்டாய் கொடுத்தார்.

இதற்கிடையே சும்மாகேம்ஸ் கடையை மூடிக்கொண்டது. அரசே கொடுக்கும்போது திருடனிடம் யார் போவார்கள்? திருட்டு வெப்சைட்டை ஒழித்த சாதனைக்காக செந்தூர்வேலுக்கு விருது கிடைத்தது. ருமைஸாதான் பூங்கொத்து கொடுக்க வேண்டும் என்றார்கள். கொடுத்தாள், பாவம்.

பெருநாள் அன்று வாப்பா போன் செய்தார். என்ன பதில் சொல்வது என்று யோசித்துக்கொண்டே அவள் எடுத்தாள். அவரோ ஒரே குஷியில் இருந்தார்.

"ரூம்ல எல்லாரும் ஒன் கேம்தான் ஆடுதோம் மவளே! என்னா கேமு! ஒருத்தனும் தூங்க மாட்டேங்கான்."

ருமைஸாவுக்குக் கண் நிறைந்தது. "வாங்கினீங்களா வாப்பா?"

"வாங்கவா? கவர்மெண்டு சைட்லயே சும்மா கிடைக்கே! ஒரு டிக் மட்டும் கேட்டாங்க, போட்டுட்டேன்."

"என்ன டிக் வாப்பா?"

"என்னமோ, என்னுது இல்லைன்னு. யாரு அதையெல்லாம் படிச்சா? ஒன் உம்மாவும் போட்டுட்டா, கூடப்பொறந்த காக்காவும் போட்டுட்டான். அது கெடக்கட்டும், ஒன் கேமு ஒண்ணுகூட விக்கலையாமே? பேங்க் பரிட்சைக்கு எப்ப சேருத?"